நாயோடு தொடங்குங்கள்: டோபியாஸ் மோரெட்டியைப் பார்க்க ஒரு வழிகாட்டி

டோபியாஸ் மோரெட்டி என்ற ஆஸ்திரிய நடிகரின் பெயரைச் சொன்னால் நம்மவர்களில் அதிகம் பேருக்குத் தெரியாது. "அல்சேஷன் நாயோடு வருவாரே, வியன்னா பொலிஸ்காரர்" என்று சொல்லிப் பாருங்கள். சிட்னியிலும் மெல்பேர்னிலும் இருக்கிற என் வயதுத் தமிழர் என்றால் "ஓ, ரெக்ஸ்!" என்பார்கள். எஸ்.பி.எஸ். தொலைக்காட்சி அந்தத் தொடரை ஜேர்மன் பேச்சோடும் கீழே ஆங்கில எழுத்தோடும் போட்டு ஒரு தலைமுறையையே அதற்குள் இழுத்து வைத்திருந்தது. ஆனால் பலருக்கு நினைவில் நிற்பது நாய்தான். பக்கத்தில் நின்ற மனிதரை யாரும் தொடர்ந்து பார்க்கவில்லை. அவர் அதற்குப் பிறகு ஹிட்லராக, சாவு வந்து கூப்பிடுகிற பணக்காரனாக, மலைக்கிராமத்துக் கொடியவனாக, பீத்தோவனாக நடித்திருக்கிறார் என்று சொன்னால் நம்ப மறுக்கிறார்கள்.

அவரைப் பார்க்க விரும்புகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். எதில் தொடங்குவது, எதை எப்போது பார்ப்பது, பார்க்கும்போது கண்ணை எங்கே வைப்பது என்பதுதான் விஷயம். நான் இங்கே ஒரு தமிழ்ப் பள்ளியில் பிள்ளைகளுக்கு நாடகம் பழக்குகிறவள். திரைப்பட விமர்சகி இல்லை. அதனால் என் கண் முதலில் போவது ஒரு இடத்துக்குத்தான்: வசனம் இல்லாத நேரத்தில் இந்த ஆள் என்ன செய்கிறார்?

பிறந்த ஊர், படித்த பள்ளி என்று தொடங்க வேண்டாம். நேரே 'கொமிசார் ரெக்ஸ்' முதல் அத்தியாயத்துக்குப் போங்கள். ஜேர்மனியின் சாட் 1 தொலைக்காட்சியில் 1994 நவம்பர் 10 அன்று அது ஒளிபரப்பானது. கதை எளிது. பொலிஸ் நாய் ரெக்ஸின் பாதுகாவலர் கொல்லப்படுகிறார். நாய் சோறு தண்ணீர் தொடாமல் கிடக்கிறது. கொலைப் பிரிவு அதிகாரி ரிக்கார்ட் மோசர், புதிதாக விவாகரத்தானவர், தனியாள். அவர் நாயை வீட்டுக்குக் கூட்டிப் போகிறார். இரண்டு தனியன்கள் ஒரே வீட்டில். மோசர்தான் மோரெட்டி. அப்போது அவருக்கு 35 வயது.

இதை ஒரு தடவை சாதாரணமாகப் பாருங்கள். பிறகு ஒலியை முழுக்க நிறுத்திவிட்டு, எழுத்தையும் அணைத்துவிட்டு, அதே அத்தியாயத்தைத் திரும்பப் பாருங்கள். இந்த யோசனை என்னுடையது இல்லை, அம்மாவிடமிருந்து வந்தது. அம்மாவுக்கு ஆங்கில எழுத்து அவ்வளவு வேகமாக வாசிக்க வராது. ஜேர்மன் ஒரு சொல்லும் தெரியாது. ஆனாலும் ரெக்ஸ் ஒன்றையும் தவறவிட மாட்டார். ஒருநாள் விசாரணைக் காட்சி ஒன்று போய்க்கொண்டிருந்தது.

"பிள்ளை, அந்தச் சிவத்தச் சட்டைக்காரன் பொய் சொல்லுறான்."

"உங்களுக்கு எப்பிடியம்மா தெரியும்? என்ன கதைக்கிறான் எண்டே விளங்கேல்லையே."

"நாய்க்காரப் பொடியன்ரை முகத்தைப் பார். அவன் நம்பேல்லை."

அம்மா சொன்னது அப்படியே சரியாக வந்தது. மோரெட்டியின் நடிப்பைப் பற்றி எனக்குத் தெரிந்த எல்லாம் அந்த ஒரு வரிக்குள் இருக்கிறது. அவர் கேட்கிற நடிகர். எதிரே இருப்பவர் பேசும்போது அவர் முகத்தில் அந்தப் பேச்சு நடக்கும்.

ஏன் அப்படி என்றால், அவர் வேலை செய்தது நாயோடு. திரையில் நடிக்கிற நாய் பெரும்பாலும் தன் பயிற்சியாளரைத்தான் பார்த்துக்கொண்டிருக்கும். பயிற்சியாளர் கமராவுக்குப் பக்கத்திலோ நடிகரின் முதுகுக்குப் பின்னாலோ நின்று, கையசைத்தோ குரல் கொடுத்தோ வேலை வாங்குவார். ரெக்ஸுக்குப் பயிற்சி கொடுத்தவர் அமெரிக்கரான டெரீசா ஆன் மில்லர். அவருடைய தகப்பன் கார்ல் லூயிஸ் மில்லரும் திரைப்பட விலங்குகளைப் பழக்கியதில் பேர் பெற்றவர். நாய் தலையைச் சாய்த்துப் பார்க்கிற பார்வை மோசருக்கானது என்று நமக்குத் தோன்றுகிறது அல்லவா? உண்மையில் அது மில்லருக்கோ, மில்லரின் கையில் இருக்கிற பொருளுக்கோ ஆனதாக இருக்கும். அதை மோசருக்கான பார்வையாக மாற்றுவது யார்? மோரெட்டிதான். நாய் பார்க்கிறது, அவர் அரை நொடி பொறுக்கிறார், புருவத்தை ஒரு துளி தூக்குகிறார், கோப்பையைக் கீழே வைக்கிறார். நாய் ஏதோ சொன்னது, இவர் அதைக் கேட்டார் என்று நாம் முடிவு கட்டிவிடுகிறோம். நாயின் பங்கையும் சேர்த்து அவர்தான் நடிக்கிறார்.

சான்விச் திருட்டுக் காட்சிகளில் இது இன்னும் தெளிவு. வியன்னாவில் வட்டமான பணிஸைப் பிளந்து உள்ளே இறைச்சித் துண்டுகளை வைத்து விற்பார்கள், வுர்ஸ்ட்ஸெம்மெல் என்று பெயர். அலுவலகத்தில் சக அதிகாரிகள் ஸ்டோக்கிங்கரும் ஹோலரரும் அதை வாங்கி வைப்பார்கள், ரெக்ஸ் களவெடுக்கும். கிட்டத்தட்ட எல்லா அத்தியாயத்திலும் வருகிற பகிடி இது. அந்த நேரம் நாயைப் பார்க்காமல் மோரெட்டியைப் பாருங்கள். அவர் சிரிப்பதில்லை. கோப்பைப் புரட்டிக்கொண்டே இருப்பார், கண் மட்டும் ஒருமுறை மேசை ஓரத்துக்குப் போய் வரும். களவைக் கண்டும் காணாதவர் போல இருக்கிறார். சிரித்திருந்தால் காட்சி செத்திருக்கும்.

ஸ்டோக்கிங்கராக வருகிற கார்ல் மார்கோவிச்சையும் குறித்து வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும். நாயோடு ஒத்துப்போகாத, சுருங்கிய முகத்துப் பாத்திரம் அவருடையது. மக்களுக்கு அது அவ்வளவு பிடித்துப்போனதால் 1996இல் அவர் பெயரிலேயே, சால்ஸ்பூர்க்கில் நடக்கிற தனித் தொடர் ஒன்று வந்தது. பிறகு ஆஸ்திரியாவுக்கு ஒஸ்கார் வாங்கிக் கொடுத்த, நாசி முகாமில் கள்ளநோட்டு அடிக்க வைக்கப்பட்ட கைதிகளைப் பற்றிய படத்தில் இவர்தான் கதாநாயகன். ஹோலரராக வருபவர் வொல்ஃப் பாக்கோஃப்னர். ஓய்வு பெற்ற பொலிஸ்காரர் மாக்ஸ் கொக்காக வரும் முதியவர் ஃபிரிட்ஸ் மூலியார், வியன்னா மேடையின் பழம் கை. இப்படி மேடையில் ஊறியவர்கள் சுற்றி நின்றதால்தான் ஒரு நாய்த் தொடர் நூற்றுக்கு மேற்பட்ட நாடுகளுக்குப் போனது என்று நான் நினைக்கிறேன். நாய் மட்டும் காரணம் என்றால், அதைப் பார்த்து மற்ற நாடுகள் எடுத்த தொடர்கள் எல்லாமே அதே அளவு ஓடியிருக்க வேண்டுமே.

அந்த மற்றத் தொடர்களைப் பற்றி ஒரு எச்சரிக்கை. இணையத்தில் ரெக்ஸ் என்று தேடினால் எல்லாம் கலந்து வரும். வியன்னாத் தொடர் 1994 முதல் 2004 வரை ஓடியது. அதில் மோரெட்டி 1998 வரைதான். அடுத்து அலெக்சாண்டர் பிராண்ட்னர் என்ற அதிகாரியாக கெடியோன் புர்க்ஹார்ட் வந்தார், கடைசியில் அலெக்சாண்டர் பிஷில். 2008இல் இத்தாலியர் தொடரை ரோமுக்குக் கொண்டுபோய் வேறு நாயகர்களோடு நடத்தினார்கள். போலந்துக்கு ஒரு அலெக்ஸ், போர்த்துக்கலுக்கு ஒரு மாக்ஸ், கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தில் ஒரு ரெக்ஸ். எனவே பருவ எண், அத்தியாய எண் எதையும் நம்பாதீர்கள். இடத்துக்கு இடம் மாறும். 1994–1998 என்ற ஆண்டுகளைப் பாருங்கள், நடிகர் பட்டியலில் மோரெட்டியின் பெயர் இருக்கிறதா பாருங்கள். இன்னொன்று, ஆங்கிலத்திலோ வேறு மொழியிலோ குரல் மாற்றிய பிரதி கிடைத்தால் அதை ஒதுக்குங்கள். மோரெட்டியின் குரல் தாழ்ந்த, கொஞ்சம் கரகரத்த குரல். வசனத்தை முடிக்காமல் பாதியில் இறக்கி விடுகிற பழக்கம் அவருக்கு உண்டு. வேறொருவர் குரலில் அது வராது.

மோசர் செத்துப்போகிற அத்தியாயத்தை எப்போது பார்ப்பது? உடனே தேடிப் போகாதீர்கள். பத்துப் பதினைந்து அத்தியாயமாவது அந்த அலுவலகத்தோடு இருந்துவிட்டுப் பாருங்கள். 1998இல் வந்தது. தொடர்கொலைகாரனாக வருபவர் ஊல்ரிக் டூக்கூர், ஜேர்மனியின் பெரிய நடிகர்களில் ஒருவர். இருவரும் எதிரெதிரே இருக்கிற காட்சிகளில் மோசர் வழக்கம்போலக் கேட்டுக்கொண்டிருக்கிறார், ஆனால் இந்தத் தடவை எதிரே இருப்பவனும் அதே அளவு கூர்ந்து கேட்கிறவன். பிள்ளைகளோடு பார்ப்பதானால் இந்த அத்தியாயத்தை மட்டும் தவிர்த்துவிடுங்கள். எங்கள் வீட்டில் வளர்ந்தவர்களே அன்று இரவு சரியாகச் சாப்பிடவில்லை.

இந்த இடத்தில் ஒரு இடைவெளி விட்டு அவர் வாழ்க்கையைப் படியுங்கள். இப்போது படித்தால்தான் ஒவ்வொரு தகவலும் எங்கேயாவது போய் ஒட்டும்.

1959 யூலை 11இல் திரோல் மாநிலத்தில், இத்தாலிய எல்லைக்குப் பக்கத்தில் இருக்கிற கிரீஸ் அம் பிரென்னர் என்ற மலையூரில் பிறந்தார். பிறந்தபோது பெயர் டோபியாஸ் புளோயெப். மோரெட்டி என்பது தாய் வீட்டுப் பெயர், மேடைக்கு அதை எடுத்துக்கொண்டார். தம்பி கிரெகோர் புளோயெப் தகப்பன் பெயரோடே நடிகரானார், அவரும் ஆஸ்திரியாவில் அறியப்பட்டவர். டோபியாஸ் முதலில் படித்தது நடிப்பு இல்லை, வியன்னாவில் இசையமைப்பு. பிறகுதான் மியூனிக்கில் ஒட்டோ ஃபால்கென்பெர்க் நடிப்புப் பள்ளிக்குப் போனார். அதன் பின் மியூனிக் காமர்ஸ்பீலே அரங்கில் பல ஆண்டு மேடை. ரெக்ஸ் வரும்போது அவர் புதுமுகம் இல்லை, மேடையில் தேய்ந்த ஆள்.

இசை படித்தவர் என்பதை அறிந்த பிறகு ரெக்ஸின் ஒரு அத்தியாயத்தை மறுபடி ஓட்டிப் பாருங்கள். அவருடைய இடைவெளிகள் எண்ணி விட்டவை போல இருக்கும். கேள்வி கேட்பார், பதில் வரும், உடனே அடுத்த கேள்விக்குப் போக மாட்டார். ஒரு தாளம் விட்டுத்தான் எடுப்பார். அந்த இடைவெளியில்தான் குற்றவாளி தேவையில்லாமல் இன்னொரு வார்த்தை பேசி மாட்டிக்கொள்வான்.

வீட்டுக்காரி யூலியா, ஓபோ என்ற துளைக்கருவி வாசிக்கிற இசைக்கலைஞர். இன்ஸ்ப்ருக் அருகே ரங்கென் என்ற ஊரில் பண்ணை வைத்து விவசாயம் செய்கிறார்கள். ஓபரா என்ற இசைநாடகங்களையும் மோரெட்டி இயக்கியிருக்கிறார். நிக்கொலாஸ் ஹார்னொன்கூர்ட் என்ற பெரும் இசைநடத்துநரோடு சேர்ந்து 2006இல் சூரிக்கில் மொசார்ட்டின் ஓபரா ஒன்று, பிறகு வியன்னாவில் ஹேய்டனுடையது ஒன்று. நாய்த் தொடர் நடிகர் ஓபரா இயக்கினார் என்பதைக் கேட்டு முகம் சுளித்தவர்கள் இருந்திருப்பார்கள். நம் ஊரிலும் இந்தச் சாதி பார்க்கிற வேலை இருக்கிறதுதானே, வானொலி நாடகக்காரர் வேறு, மேடைக்காரர் வேறு என்று.

அடுத்த கட்டம், பின்னோக்கி ஒரு எட்டு. 'பீஃப்கே சாகா' என்ற தொடரைத் தேடுங்கள். 1990இல் தொடங்கியது, எழுதியவர் திரோல்காரரான ஃபெலிக்ஸ் மித்தரர். விடுமுறைக்கு வரும் பெர்லின் குடும்பத்தையும், அவர்களிடம் காசு கறக்கிற திரோல் கிராமத்தையும் சேர்த்து வைத்துக் கிழித்த நகைச்சுவை. திரோலில் பெரும் கொதிப்பை உண்டாக்கியது. மோரெட்டி அதில் கிராமத்துக் கட்டிளங்காளை யோ. சண்டியர்த்தனமும் அசட்டுத்தனமும் கலந்த வேடம். பேச்சு திரோல் வட்டார மொழி என்பதால் எழுத்து இல்லாமல் பார்ப்பது கடினம், ஜேர்மன் படித்தவர்களே திணறுவார்கள். எழுத்தோடு கிடைக்காவிட்டால் ஒரு பாகம் மட்டும் பார்த்துவிட்டு நகருங்கள். மோசரின் அடக்கம் இயல்பாக வந்ததில்லை, உருவாக்கியது என்று தெரிந்துகொள்ள அது போதும்.

சரி, இனி இருட்டுக்குள் போக வேண்டும். இதற்கு வரிசை முக்கியம்.

முதலில் 2001இல் வந்த 'டெர் டான்ஸ் மிட் டெம் டொய்ஃபெல்'. 1976இல் ஜேர்மனியின் பெரும் உணவுப்பொருள் நிறுவனக் குடும்பத்து மகன் ரிக்கார்ட் ஓட்கரை ஒருவன் கடத்தி, மரப்பெட்டிக்குள் ஒடுக்கி அடைத்து, மின்சாரம் பாய்ச்சி, 2 கோடியே 10 லட்சம் மார்க் பணம் வாங்கினான். அந்த உண்மை வழக்குத்தான் கதை. ஓட்கராக செபாஸ்டியன் கொக், கடத்தல்காரனாக கிறிஸ்டோஃப் வால்ட்ஸ். ஆமாம், பின்னாளில் ஹொலிவூட்டில் இரண்டு ஒஸ்கார் வாங்கிய அதே வால்ட்ஸ். மோரெட்டி மறுபடியும் பொலிஸ். ஆனால் இங்கே நாய் இல்லை, பகிடி இல்லை, வழக்கு ஆண்டுக்கணக்காக இழுபடுகிறது. மோசரைத் தெரிந்துகொண்டு இதைப் பார்த்தால், அந்தக் கேட்கிற முகம் எப்படி விடாப்பிடியாக மாறுகிறது என்று தெரியும்.

அடுத்து 'ஷ்பேர் உண்ட் ஏர்', 2005, ஹைன்ரிக் பிரெலோயர் எடுத்த ஆவண நாடகம். ஹிட்லரின் கட்டடக் கலைஞரும் பிறகு ஆயுத அமைச்சருமான அல்பெர்ட் ஷ்பேரின் கதை. ஷ்பேராக மறுபடி கொக், ஹிட்லராக மோரெட்டி. நடிப்புக் காட்சிகளுக்கு நடுவே ஷ்பேரின் உண்மைப் பிள்ளைகள் வந்து பேசுவார்கள், அது தனிக் கனம். ஹிட்லர் என்றால் கத்த வேண்டும், மேசையில் குத்த வேண்டும் என்று ஒரு வழக்கம் இருக்கிறது. மோரெட்டியிடம் கவனிக்க வேண்டியது மாதிரிக் கட்டட அட்டைகளைப் பார்க்கிற காட்சிகள். எதிர்காலப் பெர்லினின் சிறுவடிவத்தைக் குனிந்து பார்க்கிறார், ஷ்பேர் விளக்குவதைக் கேட்கிறார், முகம் மலர்கிறது. நாய் சான்விச் எடுப்பதைக் கண்டும் காணாமல் ரசித்த அதே மனிதரின் கவனம்தான். அது யார் மேல் விழுகிறது என்பதால் வயிற்றைப் பிசைகிறது.

2010இல் வந்த யூத் சூஸ் படத்தை நான் கட்டாயம் என்று சொல்ல மாட்டேன். நாசிப் பிரசாரப் படமொன்றில் நடித்த வியன்னா நடிகர் ஃபெர்டினாண்ட் மரியானாக மோரெட்டி வருகிறார். மரியானின் மனைவியுடைய பின்னணியை வரலாற்றில் இல்லாதபடி மாற்றிவிட்டார்கள் என்று படத்துக்குக் கண்டனம் வந்தது, பெர்லின் விழாவில் கூச்சலும் எழுந்தது. கண்டனம் நியாயமானதுதான். ஆனால் வேடம் வேண்டும் என்ற ஆசையில் ஒரு நடிகன் எங்கே வளைகிறான் என்பதைக் காட்ட ஒரு நடிகருக்குக் கிடைத்த அரிய வாய்ப்பு அது, மோரெட்டி அதை வீணாக்கவில்லை. நேரமிருந்தால் பாருங்கள்.

கட்டாயம் பார்க்க வேண்டியது 'டாஸ் ஃபின்ஸ்டரெ டால்', 2014. இருண்ட பள்ளத்தாக்கு என்ற பொருள்படும் ஆங்கிலப் பெயரிலும் கிடைக்கும். இயக்கம் ஆந்திரேயாஸ் புரோகாஸ்கா. பத்தொன்பதாம் நூற்றாண்டு, அல்ப்ஸ் மலையில் வெளியுலகம் எட்டாத ஒரு கிராமம். கிழவன் பிரென்னரும் அவனுடைய ஆறு மகன்மாரும் வைத்ததுதான் சட்டம். அமெரிக்காவிலிருந்து படம்பிடிக்கிற பெட்டியோடு ஒருவன் வந்து சேர்கிறான், பனி விழுந்து பாதை மூடிக்கொள்கிறது. கிராமத்தின் கலியாணங்களுக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று நான் சொல்லமாட்டேன். மூத்த மகன் ஹான்ஸ் பிரென்னர்தான் மோரெட்டி. இந்த வேடத்துக்கு அவருக்கு அந்த ஆண்டு ஜேர்மன் திரைப்பட விருது, சிறந்த துணை நடிகருக்கானது, கிடைத்தது.

இதை இரவில், விளக்கை அணைத்துவிட்டு, பெரிய திரையில் பாருங்கள். தென் திரோலில் பனிக்காலத்தில் எடுத்தது, கைபேசியில் பார்த்தால் பாதி போய்விடும். ஹான்ஸ் பேசுவது மிகக் குறைவு. குதிரையில் வருவான், இறங்குவான், நிற்பான். எதிரே இருப்பவர்கள் பேச வேண்டியதற்கு மேலே பேசிவிடுவார்கள். மோசரின் அதே உத்தி! ஒரு தாளம் விடுகிறார், மற்றவர் தடுமாறுகிறார். வியன்னாவில் அந்த மௌனம் உண்மையை வரவழைத்தது, இங்கே அதே மௌனம் பயத்தை வரவழைக்கிறது. ரெக்ஸ் பார்க்காமல் இந்தப் படத்தை மட்டும் பார்த்தவருக்கு நல்ல வில்லன் ஒருவன் தெரிவான். ரெக்ஸ் பார்த்தவருக்கு, நம்பிய ஒருவர் முதுகைக் காட்டியதுபோல இருக்கும். வரிசை முக்கியம் என்று சொன்னது இதற்காகத்தான்.

அதற்குப் பிறகு வியன்னாவுக்குத் திரும்புங்கள். 'டீ ஹோலெ', 2017, இயக்கம் ஸ்டெஃபான் ருசொவிட்ஸ்கி. துருக்கிக் குடும்பத்துப் பெண் ஒருத்தி, வாடகைக் கார் ஓட்டுகிறவள், குத்துச்சண்டை பழகியவள். தன் வீட்டு ஜன்னலால் ஒரு கொலையைப் பார்த்துவிடுகிறாள், கொலைகாரன் அவளைப் பார்த்துவிடுகிறான். மோரெட்டி மீண்டும் வியன்னா பொலிஸ் அதிகாரி, பெயர் ஸ்டைனர். ஆனால் மோசர் இல்லை. கசந்துபோனவர், இனவெறிப் பேச்சுப் பேசுகிறவர், வீட்டில் மறதி நோய் வந்த தகப்பனைக் குளிப்பாட்டி உடுப்பு மாற்றிவிடுகிறவர். இந்தத் தடவை அவர் கேட்பதில்லை! அந்தப் பெண் சொல்வது எதுவும் அவர் காதில் ஏறுவதில்லை. படம் போகப் போகத்தான் காது திறக்கிறது. கொலைகள் கோரமானவை, பிள்ளைகளுக்கு ஆகாது. தகப்பனோடு வருகிற காட்சிகளை மட்டுமாவது நிதானமாகப் பாருங்கள். வயதான பெற்றோரைக் கவனிக்கிறவர்களுக்கு அதில் ஒவ்வொரு அசைவும் தெரிந்ததாக இருக்கும், குறிப்பாக சட்டைக் கையை மடித்துக்கொண்டு குனிகிற விதம்.

கொலையும் இருட்டும் போதும் என்பவர்களுக்கு வேறு பாதை உண்டு. 2003இல் வந்த 'ஷ்வாபென்கிண்டர்' என்ற தொலைக்காட்சிப் படம். திரோல் போன்ற மலைப் பகுதிகளின் ஏழைக் குடும்பங்கள் ஒவ்வொரு வசந்தத்திலும் பிள்ளைகளை மலை தாண்டி நடக்கவைத்து, ஜேர்மன் பண்ணைக்காரர்களுக்குக் கூலி வேலைக்கு அனுப்பின. இருபதாம் நூற்றாண்டு தொடங்கிய பிறகும் அது தொடர்ந்தது. பிள்ளைகளைக் கூட்டிப் போகிற பாதிரியாராக மோரெட்டி. இதைப் பார்க்கும்போது கைலேஞ்சி பக்கத்தில் இருக்கட்டும்.

டெரன்ஸ் மாலிக்கின் 2019ஆம் ஆண்டுப் படத்திலும் அவர் பாதிரியார்தான். ஹிட்லருக்கு விசுவாசப் பிரமாணம் செய்ய மறுத்த ஆஸ்திரிய விவசாயி ஃபிரான்ஸ் யேகர்ஷ்டெட்டரின் உண்மைக் கதை. பெரும்பாலும் ஆங்கிலம், கிடைப்பதும் சுலபம். பாத்திரம் சிறியது. ஆனால் ஊர்த் தலைவராக வருகிறவரைப் பாருங்கள், கார்ல் மார்கோவிச். மோசரும் ஸ்டோக்கிங்கரும் ஒரே படத்தில்! பாதிரியார் விவசாயியிடம் மெதுவாகப் பேசிப் பணிய வைக்கப் பார்க்கிறார், ஊர்த் தலைவர் குடித்துவிட்டுக் கத்துகிறார். சான்விச்சுக்குச் சண்டை பிடித்த அலுவலகம் ஞாபகம் வந்து எனக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. 2020இல் இசையமைப்பாளர் பீத்தோவனின் 250ஆவது பிறந்த ஆண்டுக்கு எடுத்த தொலைக்காட்சிப் படத்தில் முதிய, காது கேளாத பீத்தோவனாக வந்தார். கேட்பதையே தொழிலாக வைத்திருந்த நடிகருக்குச் செவிட்டு வேடம் கொடுத்தது யார் யோசனையோ, கெட்டிக்காரர்.

மேடையைப் பற்றிக் கொஞ்சம். சால்ஸ்பூர்க் விழாவில் ஒவ்வொரு கோடையும் பேராலயத்தின் முன்னால், திறந்த வெளியில் 'யேடர்மான்' நாடகம் போடுவார்கள். 1920 முதல் நடக்கிறது, எழுதியவர் ஹூகோ ஃபொன் ஹொஃப்மான்ஸ்டால். பணக்காரன் ஒருவனைச் சாவு வந்து கூப்பிடுகிறது. கூடவர நண்பன் இல்லை, காதலி இல்லை, காசு இல்லை. எல்லோருக்கும் கதை தெரியும், முடிவும் தெரியும், இருந்தாலும் இந்த ஆண்டு யார் ஆடுகிறார், எப்படி ஆடுகிறார் என்று பார்க்கத்தான் வருவார்கள். நம் ஊர்க் கோயில் வீதியில் விடிய விடியக் காத்தவராயன் கூத்துப் பார்க்கிற மாதிரி. ஆஸ்திரியாவில் ஒரு நடிகருக்கு அந்தத் தலைப்பு வேடத்தைவிடப் பெரிய மரியாதை கிடையாது. மோரெட்டி முன்பே அதே நாடகத்தில் பிசாசாக ஆடியவர். 2017 முதல் 2020 வரை நாயக வேடம் அவருக்கு வந்தது. பதிவு கிடைத்தால் விருந்துப் பகுதியைப் பாருங்கள். விருந்துக்கு நடுவே ஊர்க் கோபுரங்களிலிருந்து அவன் பெயரை நீட்டி நீட்டிக் கூப்பிடுவார்கள், மேசையில் இருக்கிற மற்றவர்களுக்கு அது கேட்காது. அந்த நேரம் அவர் முகத்தில் நடப்பதற்கு மொழி தேவையில்லை.

தேடுவது பற்றிச் சில வார்த்தை. படத்தின் ஜேர்மன் பெயர், இயக்குநர் பெயர், ஆண்டு மூன்றையும் சேர்த்துத் தேடுங்கள். ஆங்கிலப் பெயர் நாட்டுக்கு நாடு மாறும். சுவிஸ், ஜேர்மனியில் இருப்பவர்களுக்குப் பழைய தட்டுகள் இன்னமும் கிடைக்கும், நூலகங்களிலும் இருக்கும். அங்கே வளர்ந்த பிள்ளைகள் வீட்டில் இருந்தால் பக்கத்தில் இருத்திக்கொள்ளுங்கள், வசனத்தை அவர்கள் சொல்லட்டும், யார் பொய் சொல்கிறார்கள் என்பதை நீங்கள் சொல்லுங்கள். ஆஸ்திரியப் பொதுத் தொலைக்காட்சியின் இணையத்தில் நிறைய இருந்தாலும் பல படங்கள் நாட்டுக்கு வெளியே திறக்காது. எனவே எந்த ஊரில் இருக்கிறீர்களோ அந்த ஊர்ச் சேவையில் முதலில் பாருங்கள்.

நாடகம் பழக்குகிறவர்களுக்காக மட்டும் ஒன்று. மேடையில் நம் பிள்ளைகளிடம் நான் அதிகம் காண்கிற சிக்கல், தன் வசனம் முடிந்ததும் முகம் அணைந்துவிடுவது. மற்றப் பிள்ளை பேசும்போது சபையில் அம்மாவைத் தேடும், இல்லையென்றால் அடுத்தவரின் வசனத்தைச் சேர்ந்து முணுமுணுக்கும். இதற்கு நான் ரெக்ஸ் துண்டு ஒன்றை ஒலியில்லாமல் போட்டுக் காட்டுவேன், ஒரே ஒரு நிமிடம், மோசர் நாயோடு வீட்டில் இருக்கிற காட்சி. பிறகு ஒரு பிள்ளையை நாற்காலியில் இருத்தி, எதிரே ஒரு பொம்மை நாயை வைப்பேன். பிள்ளை ஒரு கேள்வி கேட்க வேண்டும். பொம்மை பதில் சொல்லாது. ஆனால் சொன்ன பதில் என்னவென்று பார்க்கிற நாங்கள் கண்டுபிடிக்க வேண்டும். பேசக் கூடாது, தலையாட்டக் கூடாது. முதலில் எல்லோரும் சிரிப்பார்கள், கண்ணை உருட்டுவார்கள். கொஞ்ச நேரத்தில் யாராவது ஒருவர் சும்மா இருந்து பார்ப்பார். போன தவணை எட்டு வயதுப் பெடியன் ஒருவன் பொம்மையிடம் "நீயா சாப்பிட்டாய்?" என்று கேட்டுவிட்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தான். வகுப்பு முழுக்க ஒரே குரலில் "ஓமாம்!" என்றது. பொம்மையைச் சாப்பாட்டுப் பெட்டிக்குப் பக்கத்தில் வைத்தால் இன்னும் நன்றாக வேலை செய்யும்.